ஆதிப்பறவை இல்லை

கேட்டின் தாழ்ப்பாளை உள்ளிருந்து போட்டுவிட்டு, அதன் மேல் கையை வைத்துக்கொண்டு நின்றாள் ஏஸ்தெல்.

"நீங்க உள்ள வரக் கூடாது சார்."

வெளியே கிருஷ்ணசாமி நின்றார். கையில் சம்பங்கி மாலை. வேட்டி துவைத்ததுதான், இஸ்திரி போட்டதில்லை. நேற்று சாயங்காலம் இதே கேட் வழியாக அவரை வெளியே அனுப்பியவள் ஏஸ்தெல்தான். அதற்கப்புறம் விளக்கு வைக்கும் நேரத்துக்குள் அவள் அப்பா அலெக்சி இறந்துபோனார்.

"ஒரே ஒரு தடவ மொகத்தப் பாத்துட்டுப் போயிடறேன் பாப்பா."

"அதான் நேத்து பாத்தீங்களே. போதும்."

வாசலில் நாற்காலி போட்டு உட்கார்ந்திருந்தவர்கள் திரும்பினார்கள். சித்தப்பா இராயப்பன் எழுந்து வந்தார். பிரெஞ்சு ராணுவத்தில் இருந்துவிட்டு வந்தவர். மெதுவாகப் பேசினாலே தெருமுனைக்குக் கேட்கும்.

"ஏம்மா, சாவுக்கு வந்தவர இப்பிடி வாசல்ல நிக்க வச்சிட்டு…"

"நீங்க போய் ஒக்காருங்க சித்தப்பா."

கிருஷ்ணசாமி இன்னும் கொஞ்ச நேரம் நின்றார். பிறகு மாலையைக் கேட்டின் ஈட்டிமுனையில் மாட்டிவிட்டு எதிர்ச்சுவரின் நிழலுக்குப் போனார். ஏஸ்தெல் மாலையைத் தொடவில்லை. உள்ளே போகிறவர்கள் எல்லாரும் அதில் உரசிக்கொண்டு போனார்கள். பூ உதிர்ந்தது.

அலெக்சியும் கிருஷ்ணசாமியும் அரசுக் கல்லூரியில் விலங்கியல் விரிவுரையாளர்களாக இருந்தவர்கள். ஒரே அறையில் எதிரெதிர் மேசை. அவர்கள் வாய்ச்சண்டை வராந்தா முழுக்கக் கேட்கும் என்று மாணவர்கள் சொல்லிச் சிரிப்பார்கள். ஓய்வு பெற்ற பிறகு, பறவைகள் எப்படித் தோன்றின என்று தமிழில் ஒரு புத்தகம் எழுத உட்கார்ந்தார்கள். அரியாங்குப்பத்திலிருந்து கிருஷ்ணசாமி ஆற்றைத் தாண்டி வருவார். மத்தியானச் சாப்பாடு இங்கேதான். புத்தகம் முக்கால்வாசி முடிந்து, ஒரு வார்த்தையில் வந்து நின்றுபோனது.

அந்த வார்த்தை ஏவியாலே. லத்தீனில் பறவைச் சிறகுகள் என்று பொருள். இன்றைக்குப் பறக்கிற அத்தனை பறவைகளும், அவற்றுக்கு முன்னால் பல்லும் நீண்ட வாலெலும்பும் சிறகுமாகத் திரிந்து கல்லுக்குள் போனவையும் சேர்ந்த பெரிய கூட்டத்துக்கு விஞ்ஞானிகள் வைத்த பெயர். அதைத் தமிழில் 'ஆதிப்பறவை' என்று போட வேண்டும் என்றார் கிருஷ்ணசாமி. கூடாது, 'பறவைக்கிளை' என்றுதான் போட வேண்டும் என்றார் அலெக்சி. போன வருஷத் தீபாவளிக்கும் இந்தச் சண்டைதான், கிறிஸ்துமஸுக்கும் இந்தச் சண்டைதான்.

அப்புறம் அலெக்சிக்கு மூச்சு வாங்க ஆரம்பித்தது. கால் வீங்கியது. கோரிமேட்டு ஆஸ்பத்திரியில் வைத்துப் பார்த்துவிட்டு, இதயம் ரொம்பத் தளர்ந்துவிட்டது, வீட்டில் வைத்துப் பார்த்துக்கொள்ளுங்கள், உணர்ச்சிவசப்படாமல் இருக்கட்டும் என்று அனுப்பினார்கள். அந்தக் கடைசி வாக்கியத்தை ஏஸ்தெல் கெட்டியாகப் பிடித்துக்கொண்டாள். அண்ணன் ஆந்தனி பிரான்சில் இருந்தான். வாரத்துக்கு ஒரு தடவை போனில் முகம் காட்டுவான். பார்த்துக்கொள்கிறவள் அவள்தான். இன்சூரன்ஸ் ஆபீசில் பாதி நாள் லீவு போட்டாள். உப்பை நிறுத்தினாள். தண்ணீரை அளந்து கொடுத்தாள். வேலைக்குப் போகும்போது வீட்டு செல்போனைத் தன் பையில் போட்டுக்கொண்டு போனாள். மேசையில் கிடந்த புத்தகங்களைப் பீரோவுக்கு மேல் ஏற்றினாள். வருகிறவர்களை வாசலோடு நிறுத்தினாள். வீடு அடங்கிக் கிடந்தது. அப்பா ஜன்னலைப் பார்த்தபடி படுத்திருப்பார், கேட்டதற்குத் தலையாட்டுவார்.

நேற்று அவள் திரும்பி வரும்போது தெருவிலேயே அவர் குரல் கேட்டது.

"காக்கா அதுல இருக்கா இல்லையா, அத மட்டும் சொல்லு!"

"இருக்குடா. யாரு இல்லன்னா? ஆனா எவன்டா காக்காவ ஏவியாலேன்னு கூப்புடறான்? கல்லுல கெடக்கறதப் பத்திப் பேசும்போதுதான் அந்த வார்த்தையே வெளிய வருது. ஆதிப்பறவைன்னு போட்டா என்னா கொறஞ்சிடும்?"

"அது யூசேஜ். நான் கேக்கறது மீனிங். ஒரு கெளைக்குப் பேர் வச்சா செத்ததும் அதுல இருக்கும், உசுரோட இருக்கறதும் இருக்கும். நீ ஆதின்னு போட்டா உசுரோட இருக்கறத எல்லாம் வெட்டி வெளிய தள்ற."

"ஜனங்க எப்பிடிப் பொழங்கறாங்களோ அதான்டா அர்த்தம்."

"முட்டாள்! முட்டாள்டா நீ!"

ஏஸ்தெல் செருப்போடு உள்ளே ஓடினாள். அப்பா கட்டிலின் விளிம்பில், கால் இரண்டும் தரையில் ஊன்றி, தலையணை இல்லாமல் உட்கார்ந்திருந்தார். கை காற்றில் நின்றிருந்தது. அவள் பார்த்ததெல்லாம் அவர் கழுத்தில் புடைத்துத் துடித்த நரம்பை மட்டும்தான்.

"எழுந்திருங்க மாமா."

"இப்பத்தான் பாப்பா பேச ஆரம்பிச்சோம்…"

"மனுஷன்தானா நீங்க? அவருக்கு மூச்சு விடவே முடியல. ஒரு வார்த்தைக்காக அவரக் கொன்னுடுவீங்களா?"

கிருஷ்ணசாமியின் பையை எடுத்து அவர் கையிலேயே திணித்து, முழங்கையைப் பிடித்துக் கேட்டுவரை கொண்டுபோய் விட்டாள். திரும்பி வந்தபோது அப்பாவுக்கு மூச்சு இரைத்தது. அப்படியும் படுக்காமல் இருந்தார்.

"அவன கூப்புடு."

"படுங்க பப்பா."

"நான் இன்னும் முடிக்கல. கூப்புடு அவன."

"நாளைக்கிக் கூப்புடறேன்."

அலெக்சி மகளைப் பார்த்தார். "நாளைக்கா?" என்றார். பிறகு, "நீ யாரு அவன அனுப்ப?" என்று கேட்டுவிட்டுச் சுவர்ப்பக்கம் திரும்பிப் படுத்துக்கொண்டார்.

அம்மா கஞ்சி கொண்டுவந்தபோதும் அப்படியேதான் படுத்திருந்தார்.

அவர் அவளிடம் கடைசியாகப் பேசியது அதுதான். ஏஸ்தெல் அதை யாரிடமும் சொல்லவில்லை. ராத்திரி ஆந்தனி போனில் அழுதுகொண்டே, கடைசியா எதாவது சொன்னாரா என்று கேட்டான். தூக்கத்துலயே போயிட்டாரு என்றாள். சொல்லிவிட்டுப் போனைச் சோபாவில் வீசினாள்.

மத்தியானப் பூசை முடிந்து பெட்டியை வண்டியில் ஏற்றினார்கள். பின்னால் காரில் ஏஸ்தெலும் அவள் அம்மா மரி-க்ளேரும். உப்பளத்துக் கல்லறைக்குப் போகிற வழியில் வெயில் கண்ணாடியில் அடித்தது. அம்மா கறுப்பு முக்காட்டை இழுத்துவிட்டுக்கொண்டு, முன்னால் போகிற வண்டியையே பார்த்தபடி சொன்னாள்.

"கல்லறைக்கு அண்ணன் வந்தா நீ ஒண்ணும் சொல்லாத."

கிருஷ்ணசாமியைத்தான் அவள் அண்ணன் என்பாள்.

"எதுக்கு வரணும்? இது வரைக்கும் செஞ்சது போதாதா?"

"நேத்து அவர வரச் சொன்னதே நான்தான்."

ஏஸ்தெல் திரும்பினாள்.

"பப்பா கேட்டாரு. கிருஷ்ணசாமி எப்ப வருவான், எப்ப வருவான்னு. நீ போன எடுத்துட்டுப் போயிட்ட. பக்கத்து வீட்டுக் கமலவேணி போன்ல பேசினேன்."

"டாக்டர் என்னா சொன்னாருன்னு தெரியும்ல ஒனக்கு?"

"தெரியும்."

"தெரிஞ்சேதான் பண்ணியா?"

"தெரிஞ்சேதான்." மரி-க்ளேரின் குரல் உயரவில்லை. "இத்தன நாளா நீயும் நானும் அவருகிட்ட என்னா பேசினோம் சொல்லு. மாத்திர போட்டியா, மூத்திரம் போச்சா, ஜன்னல சாத்தவா. வேற எதாவது? நேத்துதான் எழுந்து ஒக்காந்தாரு. யாரும் புடிக்கல. அவரேதான் ஒக்காந்தாரு."

"அதனாலதான் செத்தாரு."

"இருக்கலாம்" என்றாள் அம்மா.

ஏஸ்தெலுக்குக் காரின் கதவைத் திறந்து இறங்கி நடக்க வேண்டும் போலிருந்தது. கைப்பிடியை இறுகப் பற்றிக்கொண்டாள்.

குழிக்கு அருகில் பெட்டியை வைத்தார்கள். சாமியார் செபம் சொல்லி முடித்ததும், குடும்பத்திலிருந்து யாராவது இரண்டு வார்த்தை சொல்லலாம் என்றார். இராயப்பன் சித்தப்பா முன்னால் வந்து, அணிவகுப்பில் நிற்கிற மாதிரி நின்றார். ஓர் உறவுக்காரப் பெண், ஆந்தனி பார்க்கட்டும் என்று போனை உயர்த்திப் பிடித்தாள்.

"எங்க அண்ணன் பெரிய படிப்பாளி. எத்தனையோ புள்ளைங்களுக்குப் பாடம் சொல்லிக் குடுத்தவரு. கடைசிக் காலத்துல கூட ஆதிப்பறவைங்களப் பத்தி ஒரு பெரிய புத்தகம்…"

"இல்ல" என்றாள் ஏஸ்தெல்.

சித்தப்பா நிறுத்தினார். "என்னாம்மா?"

"ஆதிப்பறவை இல்ல. பப்பா அப்பிடிச் சொல்லவே மாட்டாரு. பறவைக்கிளை."

"செரி, ரெண்டும் ஒண்ணுதான…"

"ஒண்ணு இல்ல! ஆதின்னா செத்துப்போனது மட்டும்தான். கெளைன்னா உசுரோட இருக்கறதும் சேத்தி."

அவள் நினைத்ததைவிடச் சத்தமாக வந்துவிட்டது. சாமியார் செபப் புத்தகத்தை மூடினார். அப்போது கூட்டத்துக்குப் பின்னாலிருந்து, ஏதோ ஒரு பழைய கல்லறையின் சிலுவை ஓரத்திலிருந்து ஒரு குரல் வந்தது.

"மீனிங் அப்பிடித்தான். யூசேஜ் அப்பிடி இல்ல."

எல்லாரும் திரும்பினார்கள். கிருஷ்ணசாமி வாயைத் துண்டால் பொத்திக்கொண்டு நின்றார். தன்னை மீறி வந்துவிட்டது என்று முகத்திலேயே தெரிந்தது.

"யோவ், எடம் பொருள் தெரிய வேணாமா ஒனக்கு?" என்று அதட்டினார் சித்தப்பா.

ஏஸ்தெல் கல்லறைகளுக்கு நடுவில் நடந்தாள். பெண்களில் ஒருத்தி, "யாராவது புடிங்களேன்" என்றாள். தன்னை அடிக்கப் போகிறாள் என்று பயந்து நிற்பவரைப் போலக் கிருஷ்ணசாமி கண்ணாடியைக் கழற்றிக் கையில் வைத்துக்கொண்டார்.

"காக்கா அதுல இருக்கா இல்லையா?"

அவர் விழித்தார். "இருக்கு."

"அப்பறம் எப்பிடி ஆதின்னு போடுவீங்க?"

"அதான் சொல்றேனே பாப்பா, எவனும் காக்காவ அப்பிடிக் கூப்புடறதில்ல. புஸ்தகத்துல பாரு, பழசப் பத்தி வர்ற எடத்துலதான்…"

"எவன் கூப்புட்டா என்னா, கூப்புடலன்னா என்னா? கூப்புடாம வுட்டுட்டா இல்லன்னு ஆயிடுமா? பேர் சொல்லிக் கூப்புட ஆளில்லன்னா அந்தக் கெளைல அது இல்லையா? சொல்லுங்க மாமா!"

கிருஷ்ணசாமி கையிலிருந்த கண்ணாடியைப் பார்த்தார்.

"அலெக்சியும் இதத்தான்…" என்று ஆரம்பித்து, தலையை ஆட்டிக்கொண்டார். "இல்ல. இத அவன் சொல்லல. இத்தன நாள்ல ஒரு தடவகூடச் சொல்லல."

அவர் கண்ணாடியைத் துண்டால் துடைத்தார். துடைத்துக்கொண்டே இருந்தார். ஏஸ்தெலுக்கு மூச்சு வாங்கியது. பிறருக்குக் கேட்காத குரலில் கேட்டாள்.

"நான் இன்னும் முடிக்கலன்னாரு. ஒங்களக் கூப்புடச் சொன்னாரு. என்னா சொல்ல வந்தாரு?"

"தெரியலம்மா."

"யோசிச்சுச் சொல்லுங்க."

"ராத்திரி பூரா அதத்தான் யோசிச்சேன். கேட்டாண்ட என்ன நீ வுட்டப்ப திரும்பி ஜன்னல் வழியா பாத்தேன். வெரல நீட்டிட்டு ஒக்காந்திருந்தான். தெரியல." அவர் கண்ணாடியை மாட்டினார். "ஒனக்குச் சமாதானமா எதாவது சொல்லலாம். அவன் சொன்னதா நான் ஒண்ணச் சொன்னா அது பொய்யி."

"வேணாம்."

"சொல்லல."

சாமியார் அழைத்தார். ஏஸ்தெல் திரும்பிப் போய், குனிந்து மண்ணை அள்ளினாள். அம்மா போட்டாள், சித்தப்பா போட்டார். அவள் கை மண்ணை இறுக்கிப் பிடித்திருந்தது. விரல்களைப் பிரிக்கக் கொஞ்ச நேரம் ஆனது. கடைசியாகக் கிருஷ்ணசாமி வந்து குழி ஓரத்தில் நின்றார். அவரை யாரும் தடுக்கவில்லை. அவள் வேறு பக்கம் பார்த்துக்கொண்டிருந்தாள்.

வெளியே கார்கள் ஒவ்வொன்றாகக் கிளம்பின. அம்மா காரில் ஏறி உட்கார்ந்துவிட்டாள். சுவரோரம் கிருஷ்ணசாமி தன் பழைய ஸ்கூட்டரை உதைத்துக்கொண்டிருந்தார். அது கனைத்து அடங்கியது. மறுபடியும் உதைத்தார். அவர் நெஞ்சு ஏறி இறங்கியது. சட்டை முதுகோடு ஒட்டியிருந்தது.

ஏஸ்தெல் கொஞ்ச நேரம் பார்த்துக்கொண்டு நின்றாள். பிறகு விறுவிறுவென்று போனாள்.

"தள்ளுங்க."

"வேணாம் பாப்பா, அது கொஞ்சம் மக்கர் பண்ணும்…"

"தள்ளுங்கன்றேன்ல!"

அவர் தள்ளி நின்றார். ஏஸ்தெல் கறுப்புச் சேலையை முழங்காலுக்கு மேல் செருகிக்கொண்டு உதைத்தாள். வண்டி அதிர்ந்தது. இன்னும் பலமாக உதைத்தாள். செருப்பு கழன்று எங்கோ போய் விழுந்தது. வெறுங்காலால் உதைத்தாள், பல்லைக் கடித்துக்கொண்டு, திரும்பத் திரும்ப. போகிறவர்கள் நின்று பார்த்தார்கள். வண்டி ஒருமுறை இருமிவிட்டுப் புகையைக் கக்கிக்கொண்டு ஓட ஆரம்பித்தது.

கிருஷ்ணசாமி ஏறி உட்கார்ந்தார். ஏதோ சொல்ல வாயெடுத்தார்.

"போங்க" என்றாள்.

அவர் அரியாங்குப்பம் போகிற பக்கம் வண்டியைத் திருப்பினார். காரில் டிரைவர் ஹாரன் அடித்தார். ஏஸ்தெல் ஒற்றைக் காலில் நின்று, சுவரைப் பிடித்துக்கொண்டு, சூடான புழுதியில் தன் இன்னொரு செருப்பைத் தேடிக்கொண்டிருந்தாள்.