முதலில் எடுத்த பாதி

கோட்டைக்குப்பத்தில் வலை கரையேறியதும் கைம்பெண்களுக்குப் பத்துக் கூடை மீனை ஒதுக்கிவிட்டு, மிச்சத்தில் பாதியை ஒல்லாந்தர் கோட்டைக்குக் கொடுப்பது வழக்கம். இனிமேல் கோட்டையின் பாதியைத்தான் முதலில் எடுக்க வேண்டும் என்று ஒல்லாந்தருக்கு மொழிபெயர்க்கும் துபாஷி சொன்னபோது, ஊருக்காகப் பேசப் போயிருந்த கோதண்டம் தலையாட்டிவிட்டான். பாதியும் அதேதான், பத்தும் அதேதான், எது முந்தினால் என்ன என்று நினைத்தான் மடையன்.

இன்று மொத்தமே இருபது கூடை. பழைய முறையென்றால் கைம்பெண்களுக்குப் பத்தும் கோட்டைக்கு ஐந்தும் போக, வலை இழுத்தவர்களுக்கு ஐந்து நின்றிருக்கும். இப்போது கோட்டை பத்தைத் தூக்கிக்கொண்டு போய்விட்டது. மீதிப் பத்தையும் கைம்பெண்களுக்குக் கொடுத்தால் வலை இழுத்தவன் வீட்டில் அடுப்பு எரியாது.

கோதண்டத்துக்கு அப்போதுதான் உறைத்தது. ஓடிப்போய்த் துபாஷியின் காலில் விழுந்தான்.

"யாரு தலையாட்னது? நீதானே?" என்று சொல்லித் துபாஷி கதவைச் சாத்திக்கொண்டான்.

கோதண்டம் கரைக்குத் திரும்பி, கடலில் செத்துப்போன கூட்டாளியின் மனைவி குப்பம்மாளின் முகத்தைப் பார்க்காமல் சொன்னான்: "இனிமே உங்களுக்குப் பங்கு இல்லக்கா."

அவள் காலிக் கூடையோடு போனாள். வீட்டில் அவன் மனைவி லோகநாயகி அவன் கொண்டுவந்த மீனைத் தொடவில்லை.

"நாளைக்குக் கடல் உன்ன வாரிக்கினு பூட்டா, நான் கூடைய எடுத்துக்கினு எங்க போய் நிக்கறது?" என்று கேட்டாள்.