சருகு மாதம், அறுநூற்று முப்பதாம் நாள்

ஆண்டுக்குப் பத்து மாதம், மாதத்துக்கு முப்பது நாள். பத்தாவது மாதமான சருகின் கடைசி நாள் பிற்பகலில் பெரிய நிலா சின்ன நிலாவை மறைக்கும். மறைத்தால் ஆண்டு முடிந்தது. பால் குடிக்கிற குழந்தைக்கும் தெரிந்த கணக்கு. ஆனால் சட்டம் குழந்தைகளை நம்புவதில்லை. காலமாளிகையில் வீற்றிருக்கும் மூன்று மகாகணிதர்களும் தங்கள் திருக்கண்களால் பார்த்து, பேரேட்டில் கையெழுத்திட்டால்தான் நிலாக்கள் சேர்ந்ததாக அர்த்தம். அதுவரை சேர்ந்தாலும் சேரவில்லை.

சிக்கல் மன்னரின் வாயில் தொடங்கியது. "இந்த ஆண்டு முடிவதற்குள் வீட்டுக்கு வீடு குழாயில் தண்ணீர் கொட்டும்" என்று மாடத்தில் நின்று கையை உயர்த்திச் சொல்லிவிட்டார். குழாய் வந்தது, தண்ணீர் வரவில்லை. மன்னர் வாக்குத் தவறக்கூடாது. ஆகவே ஆண்டு முடியக்கூடாது. முதல் தடவை நிலாக்கள் சேர்ந்தபோது மேகம் மறைத்துவிட்டது என்றார்கள் கணிதர்கள். அன்று ஊரே வெயிலில் வெந்துகொண்டிருந்தது. அடுத்த தடவை மூவருக்கும் ஒரே நேரத்தில் கண்வலி.

இப்படியே சருகு மாதம் அறுநூற்று இருபத்தொன்பதாம் நாளுக்கு வந்து நின்றது. யாருக்கும் வயது ஏறவில்லை. ஏழாம் வகுப்புப் பையன்களுக்கு மீசை அரும்பிவிட்டது. இந்த வருஷத்திலேயே மனைவி இரண்டு தடவை பிள்ளை பெற்றாள் என்று தையல்காரர் தெருவெல்லாம் சொல்லிக்கொண்டு திரிந்தார்.

காலமாளிகையின் எழுத்தருக்கு மட்டும் சிரிப்பு வரவில்லை. அவர் மனைவி சிறையில் இருந்தாள்.

பொத்தான் தைக்கிற பெண். கை வேலை செய்யும்போது வாய் சும்மா இருக்காது. தண்ணீர் வரிசையில் நிற்கும்போது, "இந்த வருஷம்னா எந்த வருஷமாம்?" என்று கேட்டுத் தொலைத்தாள். முன்னால் நின்றவள் காவலரின் கொழுந்தியாள். நீதிபதி நல்ல மனிதர், இரக்கப்பட்டார்: "பொம்பளைப் பிள்ளை, போகட்டும். இந்த ஆண்டு முடியும்வரை உள்ளே இருக்கட்டும்." அன்று சருகு பதினொன்று. பத்தொன்பது நாளுக்கு என்ன பெரிய மூட்டை என்று ஒரே ஒரு மாற்றுத்துணியோடு போனாள்.

அறுநூற்று இருபத்தொன்பதாம் நாள் மாலை எழுத்தர் அவளைப் பார்க்கப் போனார். கம்பிக்கு அந்தப் பக்கம் இருமல் முதலில் வந்தது, அவள் பின்னால் வந்தாள்.

"நாளைக்கு மூணாவது தடவை சேருதாமே? இந்தத் தடவை என்ன, மூணு பேருக்கும் வயித்துப்போக்கா?"

"மெதுவாப் பேசு."

"எதுக்கு மெதுவா? இன்னும் என்ன பண்ணிடுவாங்க? நாள் எழுதற ஆளைக் கட்டிக்கிட்டேன். ஒரே ஒரு நாளை முன்னால தள்ளத் துப்பில்ல."

சொல்லிவிட்டு நெடுநேரம் இருமினாள். காவலாளி எழுத்தரின் காதோரம் வந்து, "இன்னொரு முன்னூறு நாள் தாங்காதுங்க. பார்த்துக்கோங்க" என்றான். எதைப் பார்த்துக்கொள்வது என்று அவன் சொல்லவில்லை.

காலமாளிகையில் ஒரு பழக்கம் உண்டு. மகாகணிதர்களுக்குத் தினமும் கையெழுத்துப் போட்டால் விரல் நோகும். அதனால் பேரேட்டில் முப்பது பக்கங்களுக்கு ஒரே மூச்சில் போட்டுவிடுவார்கள். அதற்கு மேலே "சேர்க்கை காணப்படவில்லை" என்று அன்றன்றைக்கு நிரப்புவது எழுத்தரின் வேலை.

அறுநூற்று முப்பதாம் நாள் பிற்பகல் கணிதர்கள் வழக்கம்போல் பார்வைக்கூடத்துத் திரைகளை இழுத்துவிட்டுச் சுவரைப் பார்த்துப் படுத்தார்கள். மூத்தவரின் குறட்டைக்கு இளையவர் தாளம் போட்டார். இளையவருக்கு எழுபத்திரண்டு வயது. அதுவும் ஏறாமல் நின்றது. எழுத்தர் தன் அறை ஜன்னலைத் திறந்தார். பெரிய நிலா அவசரமில்லாமல் சின்ன நிலாவை விழுங்கியது. பேரேட்டை இழுத்து, கையெழுத்துகளுக்கு மேலே எழுதினார்: "சேர்க்கை காணப்பட்டது. ஆண்டு முற்றிற்று."

முரசறைபவர் வந்து பேரேட்டை வாங்கிப் போனார். அவருக்குப் படிக்கத் தெரியும், கவனிக்கத் தெரியாது. கோபுரத்தில் நின்று முழுதும் உரக்கப் படித்து முடித்த பிறகுதான் தான் படித்தது என்ன என்று அவருக்கே உறைத்தது. பேரேட்டில் ஏறியதை அடித்துத் திருத்துபவன் தலை போகும் என்பது சட்டம். கீழே ஊர் கத்திய கத்தலில் கணிதர்கள் எழுந்து உட்கார்ந்தார்கள்.

"யார்டா பார்த்தது?" என்றார் மூத்தவர்.

"நீங்கதாங்கய்யா. மூணு பேர் கையெழுத்தும் இருக்குது" என்றார் எழுத்தர்.

இளையவர்தான் முதலில் தெளிந்தார். "எப்படிப்பா இருந்துச்சு?"

"பெரிசு சின்னதை முழுசா முழுங்கிடுச்சுங்கய்யா."

இருட்டுவதற்குள் மூவரும் மன்னர்முன் நின்று, அந்தக் காட்சியைக் கண்ணீர் மல்க வருணித்துப் பதக்கம் வாங்கினார்கள். மன்னர் சற்று யோசித்துவிட்டு, வீட்டுக்கு வீடு தண்ணீர் வந்துவிட்டது என்று அறிவித்தார். இவ்வளவுதான். இதை முதல் தடவையே செய்திருக்கலாம், யாருக்கும் தோன்றவில்லை. தண்ணீர் வராதவர்களுக்குக் குழாய் திருகத் தெரியவில்லை என்று விளக்கம் தரப்பட்டது.

மறுநாள், முளை மாதம் முதல் நாள், மூத்தவர் எழுத்தரைத் தனியே கூப்பிட்டார்.

"நீ எழுதினதுக்கு உன்னை ஒண்ணும் பண்ண முடியாது. பண்ணினா வெத்துத்தாள்ல நாங்க கையெழுத்துப் போட்டது சந்தி சிரிச்சிடும். அதை விடு. ஜன்னல் வழியா நீ பார்த்தியா, இல்லையா?"

"பார்த்தேங்கய்யா."

"பார்க்கிற தகுதி உனக்கு இருக்கா?"

அன்றே எழுத்தரை நீதிபதிமுன் நிறுத்தினார்கள். நீதிபதி அதே நல்ல மனிதர். இந்த முறையும் இரக்கப்பட்டு அதே தண்டனையைக் கொடுத்தார்.

சிறை வாசலில் ஒருவரை வெளியே விட்டால்தான் இன்னொருவரை உள்ளே எடுப்பார்களாம். அவள் வெளியே வந்தாள். வெளிச்சத்தில் இன்னும் சின்னதாகத் தெரிந்தாள். காவலர்களுக்கு நடுவே கணவனைப் பார்த்ததும், அழைத்துப் போக வந்திருக்கிறார் என்றுதான் முதலில் நினைத்தாள். பிறகு அவர் மணிக்கட்டில் விலங்கைப் பார்த்தாள்.

"நீங்கதானா அது?"

"ம்."

"எத்தனை நாளு?"

"வருஷம் முடியற வரைக்கும்."

அவள் வானத்தைப் பார்க்கவில்லை, அவர் முகத்தைத்தான் பார்த்தாள். "அந்த மனுஷன் இன்னிக்கு மாடத்துல நின்னு ஏதாவது சொன்னாரா?"

எழுத்தர் தரையைப் பார்த்தார். "மலையைக் குடைஞ்சு கடலுக்கு வழி போடறாராம். இந்த ஆண்டுக்குள்ள."

காவலாளி அவர் தோளைத் தொட்டான். அவள் போர்த்தியிருந்த கிழிந்த கம்பளியை அவிழ்த்து அவர் கழுத்தைச் சுற்றிப் போட்டு, இருமல் முந்திக்கொள்ளும் முன் அவசர அவசரமாகச் சொன்னாள்:

"வடக்குச் சுவரோரமாப் படுக்காதீங்க, ஈரம் இறங்கும். கதவுகிட்ட படுத்தா மிதிப்பாங்க. நடுவுல ஒரு கல்லு காய்ஞ்சு கிடக்கும், எந்தக் கல்லுன்னு கையால தடவிப் பாருங்க. அதுல நான்தான் படுத்திருந்தேன்."