தொட்டிலை மறைத்த வீடு

கரு கலைந்த பிறகு, லிஃப்ட் மெக்கானிக்கின் மனைவிக்குக் கொஞ்சமாவது ஆறுதலாக இருந்தது கம்ப்யூட்டரில் ஆடும் ஒரு குடும்ப விளையாட்டுதான். தன் சாயலிலேயே ஒருத்தியை உருவாக்கி, வீடு கட்டிக் கொடுத்து, வேலைக்கும் அனுப்பிக்கொண்டிருந்தாள். ஒருநாள் அந்த விளையாட்டு, கேட்காமலேயே திரையில் இருந்தவளுக்கு ஒரு குழந்தையைக் கொடுத்துவிட்டது. ஸ்பீக்கரில் அழுகைச் சத்தம் கேட்டதும் இவள் எழுந்து சமையலறைக்குப் போய்விட்டாள்.

"கவலைப்படாத, எடுத்துடலாம்" என்றான் கணவன். விளையாட்டோடு வரும் குழந்தை, தொட்டில், அழுகை எல்லாவற்றையும் மறைத்துவிடும் ஒரு சின்ன ஃபைலை இணையத்தில் தேடிப் பிடித்துப் போட்டான். படுக்கையறை மூலை துடைத்துவிட்டாற்போல் காலியானது.

மறுநாள் சாயங்காலம் இருவரும் சேர்ந்து உட்கார்ந்து பார்த்தார்கள். திரையில் சமைத்துக்கொண்டிருந்தவள் அடுப்பை அணைத்துவிட்டு, விறுவிறுவென்று அந்தக் காலி மூலைக்குப் போனாள். குனிந்து, ஒன்றுமே இல்லாத இடத்திலிருந்து எதையோ பதமாகத் தூக்கித் தோளில் சாய்த்துத் தட்டிக்கொடுத்தாள்.

கணவன் மௌஸை நோக்கிக் கை நீட்டினான். "மறைஞ்சுதான் இருக்கு, போகல போல. மொத்தமா அழிச்சிடறேன், தள்ளு."

"வேண்டாங்க, விட்டுடுங்க." மனைவி மௌஸைக் கையால் பொத்திக்கொண்டாள்.

திரையில் இருந்தவள் நின்றாள். இவர்கள் பக்கம் திரும்பி, உதட்டில் விரலை வைத்தாள்.

மனைவி எட்டி ஸ்பீக்கர் சத்தத்தைக் குறைத்தாள்.

"மெதுவாப் பேசுங்க. இப்பதான் கண்ணசந்திருக்கு."