மடிப்புக்குள் வெயில்

மழை விட்ட மொட்டை மாடி. கொடியில் காய்ந்த மஞ்சள் புடவை. அதன் நீளம் முழுக்க வெயில்.

ஒரு முனை பூங்கோதையின் கையில். மறு முனை அவள் கணவன் பரிதியின் கையில்.

"உன் பக்கமிருந்து ஒரு எறும்பு என்கிட்ட வரணும்னா, இவ்வளவு தூரமும் நடக்கணும்," என்றாள். பிறகு அவனை நோக்கி வந்தாள். முனைகள் சேர்ந்தன. விரல்கள் தொட்டன. "இப்போ? ஒரே எட்டு."

விண்வெளியும் இப்படி மடியலாம். மடிப்புக்கு நடுவே ஒரு சுரங்கம் திறக்கலாம். திறந்த கணமே மூடிக்கொள்ளும் என்றது உலகம். மூடாது என்றது கோதையின் கணக்கு. கருந்துளைகளோடே வாழ்ந்தவளுக்கு மூன்று வருட உழைப்பு அது.

மருந்துக்கடை நடத்தும் பரிதிக்கு அந்தக் கணக்கு புரியாது. அவள் முகம் புரியும்.

வியாழக்கிழமை. ஆய்வு நிறுவனத்தின் கருத்தரங்க அறை. ஜன்னலில் மழை. கரும்பலகை முன்னே கோதை, அதே மஞ்சள் புடவையில். கடைசி வரிசையில் அவன். கூடியிருக்கும் ஆய்வாளர்கள் ஒப்புக்கொண்டால் அவள் கட்டுரை நாளை வெளியே போகும். சுரங்கத்துக்கு அவள் பெயரே நிலைக்கும்.

வெள்ளை வெள்ளையாய் வரிகள். காற்றில் சாக்பீஸ் தூள்.

திடீரென்று அவள் கை நின்றது.

மழைச் சத்தம். மழைச் சத்தம் மட்டும்.

வேறு யாரும் எதையும் கவனிக்கவில்லை. அடுத்த வரிக்குப் போயிருக்கலாம். ஆனால் பரிதிக்கு அந்த முகம் தெரியும். உண்மை சொல்வதற்கு முந்தைய முகம்.

"இங்க ஒரு தப்பு இருக்கு. என்னோட தப்பு."

இந்தச் சமன்பாடுகளில் சிலர் காலத்துக்குக் கழித்தல் குறி போடுவார்கள். சிலர் தூரத்துக்குப் போடுவார்கள். இரண்டு வழக்கமும் சரி; கலந்தால்தான் தப்பு. பழைய கட்டுரை ஒன்றின் சமன்பாட்டை, குறி மாற்றாமல் அப்படியே எடுத்திருந்தாள். அதைச் சொன்னாள். அழித்தாள். கழித்தல் கூட்டலானது. வரி வரியாக, கடைசிவரை மறுபடி எழுதினாள்.

சுரங்கம் மூடிக்கொண்டது. ஒளி பாதி வழியைக் கடப்பதற்குள்.

முன்வரிசையில் பேராசிரியர் வரதன் கண்ணாடியைக் கழற்றினார். "நல்லவேளை சொன்னீங்கம்மா. அடுத்த வாரம் உள்ள போறதா இருந்தேன்."

அறை சிரித்தது. அவளும் சிரித்தாள். கண்கள் நனைந்திருந்தன.

கடைசி வரிசையிலிருந்து ஒற்றைக் கைதட்டல். எல்லோரும் திரும்பிப் பார்த்தார்கள். பரிதி நிறுத்தவில்லை. வரதன் எழுந்து நின்று தட்டினார். பிறகு மழையை மீறிய சத்தம்.

மறுபடியும் மொட்டை மாடி. மறுபடியும் வெயில். சாக்பீஸ் தூள் போகத் துவைத்த மஞ்சள் புடவை.

"மூணு வருஷம், பரிதி. போச்சு."

"யார் கண்ணுக்கும் படாத தப்பு. அத்தனை பேர் முன்னாடி நீயே அழிச்ச. 'என் பொண்டாட்டி'ன்னு எந்திரிச்சு கத்தணும்போல இருந்துச்சு."

"கத்த வேண்டியதுதானே?"

"வாயில போண்டா."

அவள் சிரித்தாள். சிரித்தபடியே, முனையைப் பிடித்தபடியே, அவனை நோக்கி நடந்தாள்.

விரல்கள் தொட்டன. மடிப்புக்குள் கொஞ்சம் வெயில் மாட்டிக்கொண்டது.