அரசரின் பாவத்தைச் சொல்லப் போனவள்

1

இந்தக் கதை என் கழுத்தில் தொடங்கியது. போன மார்ச்சில், பிரான்சில், வெர்சாயில் எங்கள் தெரு டாக்டர் என் தாடைக்குக் கீழே இரண்டு விரல்களை வைத்து அழுத்திப் பார்த்தார். "ஒண்ணுமில்ல, சளிதான்" என்றார். பிறகு, "அந்தக் காலமா இருந்தா உங்கள நேரா அரண்மனைக்கு அனுப்பியிருப்பேன்" என்று சிரித்தார்.

பாண்டிச்சேரியிலிருந்து வந்து இருபத்தாறு வருடமாக அந்த அரண்மனைச் சுவரை ஒட்டித்தான் பஸ் ஏறுகிறேன். அதைப் பற்றி எழுத ஒரு நாளும் தோன்றியதில்லை. சளி பிடித்ததால் எழுதினேன் என்பதை மறைக்க எனக்கு விருப்பமில்லை.

2

முதல் தொடக்கம்: "பிரெஞ்சு மன்னரின் புகழ் வானளாவ ஓங்கியிருந்த ஒரு வசந்தகாலத்தில், அவருடைய ஆணைக்கு

(வேண்டாம். பள்ளிக்கூடப் பாடம். எந்த மன்னர் என்றும் தேடாதீர்கள், இவர் நான் செய்த மன்னர்.)

இரண்டாவது தொடக்கம்: "மகளின் கழுத்தைத் துணியால் மூடிக்கொண்டு பெரின் எட்டு நாள் நடந்தாள்."

இது இருக்கட்டும். பெரின், பெர்ஷ் பக்கத்துக் கிராமம் ஒன்றில் மரச்செருப்பு செதுக்குகிறவனின் மனைவி. மகள் சொலாஞ்சுக்கு எட்டு வயது, கண்டமாலை. கழுத்தில் மூன்று கட்டிகள். ஒன்று உடைந்து வடிகிறது. இன்னொன்று உள்பக்கமாக வளர்ந்து, ரொட்டியைச் சூப்பில் ஊறவைத்தால்தான் விழுங்க முடிகிறது. போன மாதத்திலிருந்து சூப்பும் சிரமம். வைத்தியர் கையை விரித்துவிட்டார். பாக்கி இருப்பது அரசரின் கை.

பெரிய திருநாள்களில் அரசர் பாதிரியாரிடம் தன் பாவங்களைச் சொல்லிப் பாவசங்கீர்த்தனம் செய்து, பூசையில் நன்மை அப்பம் வாங்கி, அந்தக் கையோடு வந்து வரிசையாக மண்டியிட்டிருக்கும் நோயாளிகளைத் தொடுவார். தொட்டால் கண்டமாலை போய்விடும் என்பது நாட்டின் நம்பிக்கை. (அந்த நோய் சில சமயம் தானாகவே அடங்கும். அரசர்களுக்கு அது ரொம்ப வசதி.)

3

ஈஸ்டருக்கு முந்தின நாள் காலை, அரண்மனை வாசலில் லா ரமே என்ற காவலன் நின்றான்.

"எங்கம்மா கெளம்பிட்ட?"

"நாளைக்கி ராசா தொடுவாருல்லீங்க, வரிச எந்தப் பக்கம்?"

"வரிசையா? ரெண்டு வருசமா வரிசையே கெடையாது. உங்க ஊருக்கு சேதியே வராதா?"

"ராசாவுக்கு ஒடம்பு சரியில்லீங்களா?"

"ஒடம்புக்கென்ன, கல்லு மாதிரி இருக்காரு. போன வாரந்தான் மூணு மான அடிச்சாரு." குரலைத் தாழ்த்தினான். "நன்மை வாங்கினாத்தான் தொட முடியும். பாவசங்கீர்த்தனம் பண்ணாத்தான் நன்மை. அந்தம்மாவ விட்டாத்தான் பாவசங்கீர்த்தனம். விடமாட்டேங்குறாரு. போதுமா?"

"எந்தம்மாங்க?"

"மேல கேக்காத. கேட்டா, நான் எதுவும் சொல்லல."

இந்த இடத்தில் பெரினை அழவைத்து ஒரு பத்தி எழுதினேன். நன்றாகவே அழுதாள். அடித்துவிட்டேன். எட்டு நாள் நடந்து வந்தவளுக்கு அழ நேரமில்லை, யோசிக்கத்தான் நேரம். அவள் ஊரில், படுத்த படுக்கையாக இருப்பவர் செய்த நேர்ச்சையை இன்னொருவர் நடந்து தீர்க்கலாம். மாமியாரின் நேர்ச்சைக்காகப் பெரினே சார்த்ரு மாதா கோவிலுக்கு நடந்திருக்கிறாள். சாமி ஏற்றுக்கொண்டது. ஆக, அரசருக்கு முடியாததை...

(இவ்வளவு வெகுளியாக ஒருத்தி இருப்பாளா என்று எனக்குச் சந்தேகம் வந்தது. பிறகு அது வெகுளித்தனமில்லை, கணக்குச் சரியாகத்தான் இருக்கிறது என்று பட்டது.)

4

அன்று சாயங்காலம், அரண்மனைக்குப் பக்கத்துக் கோவிலில், பாவசங்கீர்த்தனக் கூண்டு. உள்ளே ஒரு கிழப் பாதிரியார்.

"எம்பாவமெல்லாம் சொல்லிட்டேன் சாமி. இன்னொருத்தரு பாவம் ஒண்ணு பாக்கி இருக்கு. அதையும் நானே சொல்லிடுறேன்."

"புருசனோடதா?"

"ராசாவோடது."

கூண்டுக்குள் நாற்காலி கிறீச்சிட்டது.

"அவருக்கு ஒழியல போல. அடுத்த திருநாளு பெந்தெகொஸ்தேக்குள்ள முடிச்சிட்டா அவரு நன்மை வாங்கிடுவாரு, எம்பிள்ளையத் தொட்டுடுவாரு. பிராயச்சித்தம் எதுவானாலும் எங்கிட்டக் குடுங்க. சார்த்ருக்கு முட்டிபோட்டே போறேன். அந்தம்மா வந்து..."

"ஏ, நிறுத்து. நீ என்ன பேசுறன்னு தெரியுதா? இதவிடக் கொறச்சலா பேசினவன்லாம் பாஸ்டீல் செறைல கெடக்குறான்."

"இங்க சொல்றத நீங்க வெளிய சொல்லக்கூடாதில்ல?"

"அது ஒம்பாவத்துக்கு. அடுத்தவங்க பாவத்துக்கு அந்தக் காவல் கெடையாது."

"அப்ப சொல்லிடுவீங்களா?"

"நான் ஒண்ணும் கேக்கல. எனக்குக் காது மந்தம்."

"எம்பாவத்தச் சொன்னப்ப நல்லாக் கேட்டுச்சே சாமி."

கிழவர் பெருமூச்சு விட்டார். "அவங்கவங்க பாவத்த அவங்கவங்கதான் சொல்லணும். யாரா இருந்தாலும் சரி. ஒனக்கு மன்னிப்புக் குடுத்தாச்சு, போ."

"அப்ப நான் இப்ப சுத்தமா?"

"சுத்தம்."

"அவரு?"

கூண்டின் பலகை படாரென்று மூடிக்கொண்டது.

5

முடிவுகள்.

அ. பெந்தெகொஸ்தேக்கு முன்பு அரசர் மனம் திருந்தி அந்தப் பெண்ணை அனுப்பிவிடுகிறார். (எழுதும்போது எனக்கே சிரிப்பு வந்தது.)

ஆ. பாதிரியார் அன்றே ஒரு கடிதம் எழுதுகிறார். பெரினைப் பிடித்துக்கொண்டு போகிறார்கள். சொலாஞ்ச் படியில் தனியாக

இ. ஊர் திரும்பும் வழியில் கட்டி தானாகக் கரைகிறது. "கரைந்தது" என்று எழுதியும்விட்டேன். இந்தத் தாளில் நான்தானே அரசன், ஒரு சொல் போதும். எழுதி முடித்ததும் டீ போட்டுக் குடித்தேன். திரும்பி வந்து படித்தபோது வெட்கமாக இருந்தது. குழந்தைக்காக நான் அதை எழுதவில்லை, நல்லவன் என்று நீங்கள் நினைப்பதற்காக எழுதியிருக்கிறேன். அடித்துவிட்டேன். கட்டி இப்போது பழைய இடத்திலேயே இருக்கிறது. அதற்காக உண்மையாகவே வருத்தப்படுகிறேன்.

6

எனக்குத் தெரிந்தது இவ்வளவுதான். பெரின் வெளியே வந்து, காத்திருந்த மகளைக் கோவில் படியில் மண்டியிட வைக்கிறாள். கழுத்துத் துணியை அவிழ்க்கிறாள். அந்தத் தெரு வழியாக வேலை முடிந்து போகும் லா ரமே நின்று பார்க்கிறான். அவள் வலது கையைக் கட்டிமேல் வைக்கிறாள்.

தொடும்போது அரசர் சொல்லும் வார்த்தைகள் நாட்டில் எல்லோருக்கும் மனப்பாடம்: "அரசர் உன்னைத் தொடுகிறார், கடவுள் உன்னைக் குணமாக்கட்டும்." பின்பாதியில் சிக்கலில்லை. முன்பாதிக்கு ஒரு பெயர் வேண்டும். அரசர் என்று சொன்னால் பொய். மன்னிப்பு வாங்கிக் கால்மணி நேரம்கூட ஆகவில்லை. பெரின் என்று சொன்னால் அரசரின் வேலையை மரச்செருப்புக்காரன் மனைவி எடுத்துக்கொண்டாள் என்று ஆகும், காவலன் காதுபடவே. ஒன்றும் சொல்லாவிட்டால் அது வெறும் அம்மாவின் கை. அந்தக் கை மூன்று வருடமாகத் தினமும் அந்தக் கழுத்தைத் தடவிக்கொண்டுதான் இருக்கிறது.

மூன்றையும் எழுதிப் பார்த்தேன். மூன்றிலும் என் குரல்தான் கேட்டது, அவளுடையது கேட்கவில்லை. நான் எழுந்துகொள்கிறேன். பெயரை நீங்கள் சொல்லுங்கள். கொஞ்சம் சீக்கிரம் சொல்லுங்கள், கல் சில்லிட்டிருக்கிறது. "அம்மா, முட்டி வலிக்குது" என்று சொலாஞ்ச் இரண்டாவது தடவையாகச் சொல்லிவிட்டாள்.