ஒரு புள்ளி பிசகாத பிரதி

உலகமே அழிந்தாலும் அழியாமல் நிற்கப்போவது தளபதியின் காப்பகம் ஒன்றுதான். இப்படிச் சொன்னவரும் தளபதிதான். தன் இணையதளத்தின் முகப்பில், தன் புகைப்படத்துக்குக் கீழே கொட்டை எழுத்தில் போட்டிருந்தார். பழைய அறிவியல் புனைகதைப் படங்கள் நானூற்றுப் பன்னிரண்டைத் தாங்கிய அந்தக் காப்பகம், அக்கா வீட்டுப் பின்னறையில், இஸ்திரி மேசைக்கு அடியில் மூன்று ஹார்ட் டிஸ்க்குகளாகக் கிடந்தது. அதைக் காக்கும் படையில் அவரைத் தவிர நான்கு பேர், நான்கு ஊர்களில், ஆளுக்கொரு பிரதியோடு.

ஞாயிறுதோறும் இணையத்தில் கவாத்து. ஒவ்வொரு கோப்புக்கும் கைரேகைபோல ஒரு நீண்ட எண் உண்டு. ஐவரிடமும் உள்ள பிரதிகளின் எண் ஒத்துப்போனால் படம் பத்திரம். எப்போதும் ஒத்துப்போகும். ஆளுக்கொரு வணக்கம் போட்டுக் கலைவார்கள். படத்தை ஓட்டிப் பார்ப்பது மட்டும் இழுக்கு. “பாக்குறவன் ரசிகன், காக்குறவன் காவலன்” என்பது தளபதி போட்ட சட்டம்.

ஒரு செவ்வாய்க்கிழமை ஒரு பெண் தொலைபேசியில் அழைத்தாள்.

“சார், எங்கம்மா ஒரே ஒரு படத்துல நடிச்சாங்க. இயந்திர மனுஷி வேஷம். படம் பூரா தலைக்கவசம்தான், கடைசிக் காட்சியில கழட்டுவாங்க. இப்ப ஆஸ்பத்திரியில இருக்காங்க. ரெண்டு நாள் தாங்கினா அதிகம்னுட்டாரு டாக்டர். அந்த முகத்தை ஒரு தடவை பாக்கணுங்கறாங்க.”

தளபதி தொண்டையைச் செருமினார். “அந்தப் படத்துக்கு உலகத்துலயே மிஞ்சினது ஒரே வீடியோ கேசட்டும்மா. அதை மீட்டதே நான்தான். ஒன்பது வருஷமா கண்ணுக்குள்ள வச்சுக் காப்பாத்துறோம்.”

“உங்க கண்ணுக்குள்ள இருக்கட்டும் சார். அம்மா கண்ணுல காட்டுங்க.”

அன்றுதான் முதன்முறையாக அந்தப் படத்தை ஓட்டினார். அறுபத்திரண்டாம் நிமிடத்தில், இயந்திர மனுஷி கவசத்தின் கொக்கியில் கைவைத்ததும் திரை நீலமானது. கடைசிவரை நீலம். கேசட்டோ, கணினியில் ஏற்றிய அன்றே குப்பைக்குப் போய்விட்டது. பூஞ்சை பிடித்ததை வைத்திருந்தால் மற்றவற்றுக்கும் தொற்றும் என்பது காப்பக விதி.

படையின் மூத்தவரைப் பதறியடித்து அழைத்தார். “உங்க பிரதியில கடைசிக் காட்சி இருக்கா?”

“என்ன தளபதி இப்படிக் கேட்டுட்டீங்க! உங்ககிட்ட இருக்கறதேதான் எங்ககிட்டயும். ஒரு புள்ளி பிசகல!”

மற்ற மூவரும் அதையே பெருமையாகச் சொன்னார்கள்.

புதன்கிழமை அக்கா போனைக் கையால் பொத்திக்கொண்டு வந்தாள். “அந்தப் பொண்ணுடா. என்ன சொல்லட்டும்?”

“சரிபார்ப்பு நடக்குதுன்னு சொல்லுக்கா.”

“சாகக் கிடக்கறவளுக்கு என்னடா சரிபார்ப்பு? இல்லைன்னா இல்லைன்னு சொல்லித் தொலையேன்.”

அவர் சொல்லவில்லை. வியாழக்கிழமை காலை செய்தி வந்தது: “இனி தேட வேண்டாம் சார். ராத்திரி வரைக்கும் என் போனையே பாத்துட்டிருந்தாங்க.”

அந்த ஞாயிறும் ஐந்து எண்களும் ஒத்துப்போயின.

முகப்பிலுள்ள புகைப்படம், அந்தக் கேசட்டைக் கணினியில் ஏற்றிக்கொண்டிருந்தபோது எடுத்தது. மார்பில் கைகட்டி நிமிர்ந்து நிற்கும் தளபதியின் வலது செருப்புக்கு அடியில், வீடியோ பிளேயரிலிருந்து வந்து கணினியில் சொருகியிருக்க வேண்டிய ஒயர் கழன்று கிடக்கிறது.