முத்துசெல்வி வீட்டுக் காப்பி

இலஞ்சியில் முத்துசெல்வி வீட்டு வாசலில் பாண்டியராஜ் செருப்பைக் கழற்றியபோது, எதிர்வீட்டுக் குழாயில் குடம் வைத்திருந்த வடிவம்மாள் நிமிர்ந்து பார்த்தாள். பார்த்தவள் அப்படியே நின்றுவிட்டாள். குற்றாலத்தில் சீசன், வெயிலோடு வெயிலாகச் சாரல் விழுந்துகொண்டிருந்தது.

இந்தப் பார்வையெல்லாம் அவருக்குப் பழக்கம்தான். பதினெட்டு வருடத்தில் ஊரில் நடந்த பதினாலு கொலை, அவற்றை வைத்து அவர் எழுதி எடுத்த பதினாலு டிவி படம். ‘உண்மைச் சம்பவம்’ என்று சிவப்பு எழுத்தில் போட்டால் போதும், ஊரே டிவி முன்னால் உட்கார்ந்துவிடும். அவர் பிழைப்பைத் தூக்கிவிட்ட முதல் படம் முத்துசெல்வியின் புருஷன் கதை. தென்னந்தோப்பில் வைத்துப் பங்காளி வெட்டிப்போட்டான், மறுநாளே பிடிபட்டான். படத்தில் பெயர்களை மாற்றினார், தோப்பை மாற்றவில்லை. ஒரே ஒரு பொய் மட்டும் உண்டு. விளம்பர இடைவேளைக்கு முன்னால் கதை தொய்கிறது என்று, தோப்புக்குக் கிளம்பும் புருஷனுக்குப் பெண்டாட்டி காப்பியில் தூக்க மாத்திரை கலந்து கொடுப்பதாக ஒரு காட்சி வைத்தார். குற்றாலத்து லாட்ஜில் முறுக்கைக் கடித்துக்கொண்டே பத்து நிமிடத்தில் எழுதியது. சும்மா சொல்லக் கூடாது, ஜனங்கள் மனதில் அதுதான் நின்றது.

இப்போது ஓர் ஓடிடி கம்பெனி அதையே பெரிதாக எடுக்கக் கேட்கிறது. குடும்பத்தின் சம்மதக் கையெழுத்து வேண்டுமாம். காப்பிக் காட்சியும் கட்டாயம் வேண்டுமாம்.

உள்ளே நுழையப் போனவரை முத்துசெல்வி தடுத்தாள். “உள்ள வேண்டாம் அண்ணாச்சி. இங்கனயே உக்காருங்க.” பிளாஸ்டிக் நாற்காலியைத் தெருவைப் பார்க்கப் போட்டாள். அவர் நீட்டிய சம்மதப் படிவத்தை வாங்கி நிதானமாகப் படித்தாள்.

“அந்தக் காப்பி இதுலயும் உண்டா?”

“கம்பெனிக்காரங்க விட மாட்டேங்காங்கம்மா.”

“இருந்துட்டுப் போகட்டும், எடுத்துக்கிடுங்க. பதினெட்டு வருசமா இந்த வீட்டுல வெளியாளு ஒருத்தரும் வாய் நனைக்கல. எம் மவளப் பொண்ணு பாக்க வந்தவங்களும் காப்பி வேண்டாம்னுட்டு எந்திரிச்சிட்டாங்க. அடுத்த வாரம் சிவகிரில இருந்து இன்னொரு எடம் வருது. தெருவுலதான் விசாரிப்பாங்க. படம் எடுத்தவரே இங்கன உக்காந்து குடிக்கத இந்தத் தெரு பாக்கட்டும். குடிங்க, கையெழுத்துப் போடுதேன்.”

இவ்வளவுதானா என்றிருந்தது அவருக்கு. காட்சியை நீக்கு என்று அழுவாளோ என்றல்லவா பயந்துகொண்டு வந்தார்.

காப்பி வந்தது. நல்ல நுரை, நல்ல மணம். வடிவம்மாள் குடத்தை மறந்து இடுப்பில் கை வைத்து நின்றாள். அவர் கையை நீட்டினார். டம்ளரைத் தொட்டதும் கை நின்றது. அதிக நேரமில்லை, ஒரு மூச்சு இழுக்கும் நேரம்தான். மாத்திரையைப் பொடித்துப் போடும் விரல்களை அவர்தான் எழுதியிருந்தார். இப்போது அவைதான் கண்ணுக்குள் வந்தன. வெட்கமாக இருந்தது.

“எழுதுனது நீங்கதான அண்ணாச்சி” என்றாள் அவள், சத்தம் உயராமல்.

ஒரே மடக்காகக் குடித்தார். நாக்கு வெந்துபோயிற்று. வெறும் டம்ளரைத் தெருவுக்குத் தெரியும்படி கவிழ்த்துக்கூடக் காட்டினார்.

எதிரே ஆளில்லை. அவர் கை நின்றபோதே வடிவம்மாள் உள்ளே போய்க் கதவைச் சாத்திவிட்டிருந்தாள். குழாயடியில் அவள் குடம் நிறைந்து வழிந்துகொண்டிருந்தது. படிவத்தை மடியில் வைத்தபடி முத்துசெல்வி அதையே பார்த்துக்கொண்டிருந்தாள். பேனாவின் மூடியை அவள் இன்னும் கழற்றவில்லை.